பலூன் எதைப் பிரிக்கிறது?

ஒரு சிகிச்சை, மூன்று பெயர்

ராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர், எண்ணூர் பக்கம் இதய நோயாளி இருக்கும் வீட்டில் பிளாஸ்டிக் உறைக்குள் ஒரு ஃபைல் இருக்கும். பழைய எக்கோ ரிப்போர்ட், இ.சி.ஜி. தாள், மாத்திரைச் சீட்டு, டிஸ்சார்ஜ் சம்மரி எல்லாம் அதில் அடுக்கியிருக்கும். சுருங்கிய வால்வுக்காகத் தொடை இடுக்கு வழியாகப் பலூன் வைத்துக்கொண்டவரின் ஃபைல் என்றால், புரட்டிப் பார்க்கிறவருக்குத் தலை சுற்றும். ஒரு தாளில் ‘பி.எம்.வி.’ என்றிருக்கும். எக்கோ எடுத்தவர் ‘பி.டி.எம்.சி. செய்தவர்’ என்று குறித்திருப்பார். இன்னொரு தாளில் ‘வால்வுலோபிளாஸ்டி’. மூன்று முறை ஏதோ செய்திருக்கிறார்களா, ஒரே முறைதானா?

குழப்பம் அத்தோடு முடிவதில்லை. அடுத்த தெருவில் இருப்பவரின் சீட்டிலும் ‘வால்வுலோபிளாஸ்டி’ என்றே எழுதியிருக்கும். அவருக்கோ நெஞ்செலும்பைப் பிளந்து, வால்வில் வளையம் வைத்துத் தைத்திருப்பார்கள். வீட்டில் பேசும்போது “பலூன் வெச்சாச்சு” என்பார்கள். ரத்தக் குழாய் அடைப்புக்குச் செய்யும் ஆஞ்சியோபிளாஸ்டிக்கும் அதே “பலூன்”தான்.

முதல் மூன்று பெயர்களும் ஒரே சிகிச்சையைத்தான் குறிக்கின்றன. அது எந்த வால்வுக்குப் பொருந்தும், எதற்குப் பொருந்தாது என்பதை அறிய, வால்வு எங்கே, எப்படிக் கெடுகிறது என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

தொண்டையில் தொடங்கி இதயத்துக்கு

இதயத்தின் இடப்பக்கத்தில் மேலறைக்கும் கீழறைக்கும் நடுவே இருப்பது மைட்ரல் வால்வு. இரண்டு இதழ்கள் கொண்டதால் தமிழில் ஈரிதழ் வால்வு. நுரையீரலில் பிராணவாயு ஏற்றிக்கொண்டு வரும் ரத்தம் இடது மேலறையில் சேர்கிறது. இதழ்கள் திறந்ததும் கீழறைக்குள் இறங்குகிறது. கீழறை சுருங்கும்போது இதழ்கள் மூடிக்கொள்ள, ரத்தம் திரும்பாமல் உடலுக்குப் போகிறது. இதழ்களின் ஓரங்களை மெல்லிய நாண்கள் கீழறைச் சுவரோடு கட்டி வைத்திருக்கின்றன. இரண்டு இதழ்களும் இரு முனைகளில் ஒன்றையொன்று சந்திக்கின்றன. மருத்துவர்கள் ‘கமிஷர்’ என்று சொல்லும் அந்த இடத்தை இங்கே இதழ்ச்சந்தி என்று அழைக்கலாம். இந்த அத்தியாயத்தின் விஷயம் முழுக்க அந்த இரண்டு சந்திகளில்தான் இருக்கிறது.

5 முதல் 15 வயதுக்குள் இருக்கும் பிள்ளைகளுக்கு ஸ்ட்ரெப்டோகாக்கஸ் என்ற நுண்ணுயிரால் தொண்டைப் புண் வருவது சாதாரணம். பெரும்பாலும் தானாகவே ஆறிவிடும். சிலருக்கு மட்டும் இரண்டு, மூன்று வாரம் கழித்துக் காய்ச்சலும் மூட்டு வீக்கமும் வரும். இன்று முழங்கால், நாளை மறுநாள் கணுக்கால் என்று வீக்கம் இடம் மாறும். நுண்ணுயிரை எதிர்க்க உடல் தயாரித்த எதிர்ப்புப் பொருள்கள் உடலின் சொந்தத் திசுக்களையும் எதிரியாகக் கருதித் தாக்குவதால் வருவது இது. ருமாட்டிக் காய்ச்சல் என்று பெயர். மூட்டு வலி சுவடில்லாமல் போய்விடும். வால்வில் ஏற்பட்ட அழற்சி போகாது. ஒவ்வொரு தொண்டைப் புண்ணோடும் மறுபடி கிளறப்பட்டு, இதழ்ச்சந்திகள் ஓரத்திலிருந்து உள்நோக்கி ஒட்டத் தொடங்கும். கடைசியில் நடுவில் ஒரு சிறு பிளவுதான் மிஞ்சும். நோய்க்கூறு நூல்களில் அந்த வாய்க்கு ‘மீன்வாய்’ என்றே பெயர்.

ஒரே அறையில் ஐந்தாறு பேர் படுத்துறங்கும் வீடுகளில் தொண்டை நுண்ணுயிர் எளிதாகத் தொற்றும். துறைமுகத்தையும் ஆலைகளையும் நம்பி நெருக்கமாக எழுந்த வடசென்னைக் குடியிருப்புகளுக்கு இந்த நோய் புதிதல்ல. இப்பகுதியின் பெரிய அரசு மருத்துவமனையான ஸ்டான்லியைப் பெரியவர்கள் இன்றும் ‘கஞ்சித் தொட்டி ஆஸ்பத்திரி’ என்கிறார்கள். 1782-இல் பஞ்சத்தில் அடிபட்டவர்களுக்குக் கஞ்சி ஊற்றிய மணியக்காரர் சத்திரத்திலிருந்து வளர்ந்த இடம் அது. வறுமையோடும் நெரிசலோடும் சேர்ந்தே நடக்கும் ஒரு நோயைப் பற்றிப் பேசும்போது அந்தப் பழைய பெயர் பொருத்தமாகவே படுகிறது.

மேலை நாடுகளில் ருமாட்டிக் காய்ச்சல் வந்த பிறகு வால்வு சுருங்க இருபது, முப்பது ஆண்டுகள் ஆகும் என்றுதான் பாடநூல்கள் சொல்லிவந்தன. 1963-இல் தில்லி எய்ம்ஸின் எஸ்.பி. ராயும் உடன் பணியாற்றியவர்களும் லான்செட் இதழில் வேறொன்றை எழுதினார்கள்: இந்தியாவில் இருபது வயதுகூட ஆகாதவர்களுக்கே கடுமையான மைட்ரல் சுருக்கம் இருக்கிறது. கேட்க வருத்தமான செய்தி. ஆனாலும் இளம் வயது வால்வில் சுண்ணாம்பு படிந்திருக்காது. இதழ்கள் இன்னும் வளையும். பலூன் சிகிச்சை இங்கே நன்றாக எடுபட்டதற்குக் காரணம் அதுதான்.

துளை சுருங்கினால் மூச்சு ஏன் வாங்குகிறது

நலமான மைட்ரல் வால்வு திறக்கும்போது கிடைக்கும் பரப்பு 4 முதல் 6 சதுர சென்டிமீட்டர். அது 1.5-க்குக் கீழே போனால் சுருக்கம் கடுமையானது. 0.8 என்பது ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டர் குறுக்களவுள்ள துளை. நிமிடத்துக்கு ஐந்து லிட்டர் ரத்தம் அதன் வழியாகத்தான் இறங்கியாக வேண்டும்.

சும்மா உட்கார்ந்திருக்கும்போது சமாளித்துவிடலாம். மாடிப்படி ஏறினால் கதை வேறு. ஒரே துளை வழியாக இரண்டு மடங்கு ரத்தம் போக வேண்டுமானால், பின்னாலிருந்து தள்ளும் அழுத்தம் இரண்டு மடங்கு ஆனால் போதாது. நான்கு மடங்கு வேண்டும். அமெரிக்க மருத்துவர் ரிச்சர்ட் கார்லின் 1951-இல் இந்த உறவை வைத்து வால்வின் பரப்பைக் கணக்கிடும் முறையை வெளியிட்டார். கட்டுரையில் கூட்டாளி அவருடைய அப்பா, நீரியல் பொறியாளர். குழாய்க்குள் தண்ணீர் ஓடும் கணக்கு அப்படித்தான் இதய மருத்துவத்துக்குள் வந்தது.

இன்னொரு சிக்கல் நேரம். நிமிடத்துக்கு 70 துடிப்பு என்றால் ஒவ்வொரு துடிப்பிலும் மைட்ரல் வால்வு சுமார் அரை நொடி திறந்திருக்கும். துடிப்பு 120 ஆனால் அந்த நேரம் பாதிக்கும் கீழே போய்விடும். துளையும் சிறிது, நேரமும் குறைவு. ரத்தம் மேலறையில் தேங்கி, அழுத்தம் நுரையீரலுக்குப் பின்னேறி, அங்கே நீர் கசிகிறது. நோயாளி எழுந்து உட்கார்ந்து மூச்சுக்குத் திணறுகிறார். சுருக்கம் உள்ளவர்களுக்குத் துடிப்பைக் குறைக்கும் மாத்திரை கொடுப்பது இதனால்தான்.

பல பெண்களுக்கு இந்த நோய் முதன்முதலில் தெரியவருவது கர்ப்ப காலத்தில். அப்போது உடலில் ரத்தத்தின் அளவு 40 முதல் 50 விழுக்காடு கூடுகிறது, துடிப்பும் கூடுகிறது. “மாசமா இருந்தா மூச்சு வாங்கத்தான் செய்யும்” என்று வீட்டில் தள்ளிப் போட்டுவிட்டு, ஏழாம் மாதத்தில் ராயபுரம் ஆர்.எஸ்.ஆர்.எம். பிரசவ மருத்துவமனை போன்ற இடத்துக்கு வரும்போதுதான் ஸ்டெதஸ்கோப்பில் சுருங்கிய வால்வின் உருளும் ஓசை கேட்கும். மருந்தில் கட்டுப்படாவிட்டால், 20 வாரத்துக்குப் பிறகு வயிற்றை ஈயத் தகட்டால் மூடிக்கொண்டு, கர்ப்பத்தோடேயே பலூன் செய்வதும் உண்டு.

1948: மூன்று அறுவைகள், மூன்று சொற்கள்

ஒட்டிய இதழ்களை அறுவை செய்து பிரிக்கலாம் என்று 1902-இலேயே லண்டன் மருத்துவர் லாடர் பிரண்டன் எழுதினார். கண்டனம்தான் கிடைத்தது. 1923-இல் பாஸ்டனில் எலியட் கட்லர் 12 வயதுச் சிறுமி ஒருத்தியின் துடிக்கும் இதயத்துக்குள் கத்தியை நுழைத்து வால்வை வெட்டினார். அவள் நான்கு ஆண்டுகளுக்கு மேல் பிழைத்திருந்தாள். பிறகு கட்லர் இதழிலிருந்து ஒரு துண்டையே வெட்டி எடுக்கும் கருவியைச் செய்தார். அடுத்து வந்த நோயாளிகள் பிழைக்கவில்லை. சுருக்கம் போன இடத்தில் பெரிய கசிவு வந்துவிட்டது. முன்னேற்பாடில்லாத இதயத்தால் அதைத் தாங்க முடியவில்லை.

தையல் போட்டு ஒட்டிய துணியைப் பிரிக்க வேண்டுமானால் தையலோடு பிரிக்க வேண்டும். நடுத் துணியில் கத்தரி வைத்தால் திறப்பு கிடைக்கும், துணி போய்விடும். கட்லர் வெட்டியது துணியை. 1925-இல் லண்டனில் ஹென்றி சூட்டர் கத்தியை எடுக்காமல் விரலை உள்ளே விட்டார். நோயாளி பிழைத்தாள். ஆனால் வேறு எந்த மருத்துவரும் இன்னொரு நோயாளியை அவரிடம் அனுப்பவில்லை. பெரிய கண்டுபிடிப்பு ஒன்று இருபது ஆண்டுக்கு மேல் கிடப்பில் கிடந்ததற்குக் காரணம் அந்த அளவுக்குச் சாதாரணமானது.

1948 ஜூன் 10 அன்று பிலடெல்பியாவில் சார்லஸ் பெய்லி வெற்றி பெற்றார். அதற்கு முன் அவருடைய கையில் நான்கு நோயாளிகள் இறந்திருந்தார்கள். ஆறு நாள் கழித்து பாஸ்டனில் டுவைட் ஹார்கன். செப்டம்பரில் லண்டனில் ரஸ்ஸல் பிராக். பெய்லி இதழ்ச்சந்தியைப் பிரித்ததால் ‘கமிஷரோடமி’ என்றார்: சந்தியை வெட்டிப் பிரித்தல். ஹார்கன் அதே ஆண்டில் எழுதிய கட்டுரைக்கு ‘வால்வுலோபிளாஸ்டி’ என்று தலைப்பிட்டார்: வால்வைச் சீராக உருவமைத்தல். பிராக்கும் உடனிருந்தோரும் வால்வை வெட்டித் திறத்தல் என்ற பொருளில் ‘வால்வுலோடமி’ என்றார்கள்; சுருங்கி ‘வால்வோடமி’ ஆனது. ஃபைலில் இன்றும் தொடரும் மூன்று பெயர்களிலும் இந்த மூவர் பயன்படுத்திய சொற்களே இருக்கின்றன. பொருளில் மிகச் சரியானது பெய்லியின் சொல். எதைச் செய்ய வேண்டும் என்பதோடு, எங்கே செய்ய வேண்டும் என்பதையும் அது சொல்லிவிடுகிறது.

இந்த அறுவை தமிழ்நாட்டில் பெரிய அளவில் நடந்த இடம் வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி. இதயத்தை நிறுத்தாமல், விலா வழியாக நுழைந்து விரலாலும் விரிப்பானாலும் சந்தியைப் பிரிக்கும் மூடிய வால்வோடமி அங்கே வழக்கமான சிகிச்சையாயிற்று. 3,724 நோயாளிகளின் அனுபவத்தை ஸ்டான்லி ஜானும் குழுவினரும் 1983-இல் ‘சர்குலேஷன்’ இதழில் வெளியிட்டார்கள். உலக அளவில் இத்தனை பெரிய தொகுப்புகள் மிகக் குறைவு.

விரலுக்குப் பதில் பலூன்

ஜப்பானிய அறுவை மருத்துவர் கஞ்ஜி இனோவே 1982-இல் விரல் செய்த வேலையைப் பலூனுக்குக் கொடுத்தார். அவர் வைத்த பெயரின் சுருக்கம்தான் பி.டி.எம்.சி.; தோலில் துளையிட்டு, சிரை வழியாகச் சென்று, மைட்ரல் இதழ்ச்சந்தியைப் பிரித்தல் என்பது அதன் பொருள். பெய்லியின் சொல் அதில் இருக்கிறது. இந்தியாவில் அதிகம் புழங்கும் பி.எம்.வி.யோ ‘பலூன் மைட்ரல் வால்வோடமி’, பிராக் வழி வந்தது. அமெரிக்க நூல்களில் ‘வால்வுலோபிளாஸ்டி’ என்பதே வழக்கம். 1985-இல் நியூ இங்கிலாந்து ஜர்னல் ஆஃப் மெடிசினில் ஜேம்ஸ் லாக் வெளியிட்ட தொடக்கக் கால பலூன் கட்டுரையின் கூட்டாசிரியர்களில் தில்லி மருத்துவர்களும் உண்டு.

என்ன நடக்கிறது என்று ஒரு கணக்கைக் கொண்டு பார்க்கலாம். ஆள் கற்பனை, எண்கள் இதயத்துக்குள் குழாய் செலுத்திச் சிகிச்சை செய்யும் கேத் லேபில் அன்றாடம் வருகிறவை. வயது 24, உயரம் 150 சென்டிமீட்டர், காசிமேட்டில் மீன் தரம் பிரிக்கும் வேலை. எக்கோவில் வால்வின் பரப்பு 0.8. மேலறைக்கும் கீழறைக்கும் சராசரி அழுத்த வேறுபாடு 16 மி.மீ. பாதரசம். மேலறை அழுத்தம் 26. 25-ஐத் தாண்டினாலே நுரையீரலில் நீர் கோக்கும் எல்லை வந்துவிட்டது. உணவுக்குழாய் வழியாக எடுத்த எக்கோவில் மேலறையில் ரத்தக் கட்டி இல்லை. இருந்தால் பலூனை அன்று கையில் எடுக்கவே கூடாது. கட்டி கிளம்பி மூளைக்குப் போகும்.

வலது தொடை இடுக்கில் மட்டும் மரத்துப்போக ஊசி. சிரை வழியாக மெல்லிய குழாய் இதயத்தின் வலது மேலறைக்குப் போகிறது. மைட்ரல் வால்வோ இடப்பக்கம். நடுவில் இருக்கும் சுவரில், கருவில் திறந்திருந்து பிறகு மூடிக்கொண்ட மெல்லிய இடம் ஒன்று உண்டு. அங்கே நீண்ட ஊசியால் துளையிட்டுத் தாண்டுகிறார்கள். கைப்பழக்கம் அதிகம் வேண்டிய கட்டம் இதுதான். சற்றே தவறினால் ஊசி பெருந்தமனிக்குள் போய்விடும்.

பிறகு பலூன். எந்த அளவு? உயரத்தைப் பத்தால் வகுத்துப் பத்தைக் கூட்டு என்பது இனோவேயின் விதி: 15 கூட்டல் 10, ஆக 25 மில்லிமீட்டர். அதையே முதலில் ஊதுவதில்லை, 23-இல் தொடங்குகிறார்கள். ரப்பருக்கு நடுவே நைலான் வலை வைத்துச் செய்த இந்தப் பலூன் ஒரேயடியாக உப்பாது. முதலில் முன்பாதி விரிந்து கீழறைக்குள் நிற்கும். இழுத்து வால்வில் பொருத்தியதும் பின்பாதி விரியும். வால்வு இடுப்பாக, பலூன் உடுக்கைபோல் தெரியும். கடைசியில் நடுப்பகுதி உப்பி, அந்த இடுப்பு மறையும். சில நொடிகளில் காற்றிறக்கம்போல் சுருக்கிவிடுவார்கள். உள்ளே இருப்பது காற்றல்ல, எக்ஸ்ரேயில் தெரியும் நீர்மம்.

எக்கோ வைத்துப் பார்க்கிறார்கள். அழுத்த வேறுபாடு 9. ஒரு சந்தி பிரிந்திருக்கிறது, கசிவு இல்லை. 24-க்கு ஏற்றி மறுபடி. இப்போது வேறுபாடு 5, இரண்டு சந்திகளும் பிரிந்துவிட்டன, பரப்பு 1.7, மேலறை அழுத்தம் 12. லேசான கசிவு தெரிகிறது. விதிப்படி 25 வரை போக இடமிருக்கிறது. போவதில்லை. 1.5-க்கு மேல் கிடைத்தாயிற்று, இன்னும் ஒரு மில்லிமீட்டருக்கு ஆசைப்பட்டால் சந்தியைவிட்டு இதழே கிழியலாம். எப்போது நிறுத்துவது என்று தெரிந்தவரே இதில் தேர்ந்தவர். பல நோயாளிகளுக்கு மேசையிலேயே மூச்சு இலகுவாகும். இரண்டு, மூன்று நாளில் வீட்டுக்குப் போகலாம்.

பலூன் துளையை ரப்பர் போல் இழுத்துப் பெரிதாக்குவதாகப் பலர் நினைக்கிறார்கள். அப்படி இழுத்திருந்தால் விட்டதும் சுருங்கிவிடும். ஒட்டியிருந்த சந்தி பிரிகிறது. அதனால்தான் பலன் ஆண்டுக்கணக்கில் நிற்கிறது. இதயத்தைத் திறந்து கண்ணால் பார்த்துப் பிரிப்பதோடு பலூனை ஒப்பிட்டு ஹைதராபாத் நோயாளிகள் 60 பேரிடம் நடந்த ஆய்வு 1994-இல் வெளியானது. மூன்று ஆண்டு கழித்துப் பலூன் வைத்தவர்களின் வால்வுப் பரப்பு சராசரி 2.4; அறுவை செய்தவர்களுக்கு 1.8.

பலூன் ஆகாத வால்வுகள்

எக்கோவில் வால்வுக்கு மதிப்பெண் போடுகிறார்கள். இதழ் எவ்வளவு அசைகிறது, எவ்வளவு தடித்திருக்கிறது, சுண்ணாம்பு படிந்திருக்கிறதா, கீழே நாண்கள் சுருங்கியிருக்கின்றனவா: ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 4. வில்கின்ஸ் மதிப்பெண் என்று பெயர், 1988-இல் வந்தது. இங்கே குறைந்த மதிப்பெண்தான் நல்லது. கூட்டுத்தொகை 8 வரை இருந்தால் பலூன் நன்றாக எடுபடும். 12 என்றால் பலூனின் விசை சந்தியைத் தேடிப் போகாது; எங்கே பலவீனமோ அங்கே கிழிக்கும்.

பிறவியிலேயே ஒட்டிய நுரையீரல் தமனி வால்வுக்கும் பலூன் அருமையாகப் பலிக்கிறது. 1982-இல் ஜீன் கான் முதலில் அதை ஒரு குழந்தைக்குச் செய்தார். முதியவர்களின் பெருந்தமனி வால்வில் நிலைமை தலைகீழ். அங்கே சந்தி ஒட்டவில்லை. இதழே சுண்ணாம்பேறிக் கல்லாகிவிட்டது. 1985-இல் பிரான்சில் அலன் கிரிபியே அதையும் பலூனால் விரித்துப் பார்த்தார். சில மாதங்களில் பழையபடி சுருங்கியது. பிரிப்பதற்குச் சந்தி இல்லாத இடத்தில் வேறென்ன நடக்கும்! அந்தத் தோல்வியிலிருந்துதான் அவர் 2002-இல் குழாய் வழியாகப் புதிய வால்வையே கொண்டுபோய் வைக்கும் முறைக்கு வந்தார். பெருந்தமனி வால்வுக்கு இன்று ‘பலூன் வால்வுலோபிளாஸ்டி’ என்று எழுதியிருந்தால் பெரும்பாலும் அது தற்காலிக ஏற்பாடு. சொல் ஒன்றுதான், தரும் நம்பிக்கை வேறு.

கசியும் வால்வைச் சீரமைத்தல்

அடுத்த தெருக்காரரின் நெஞ்சைத் திறந்ததற்குக் காரணம், அவருடைய வால்வு சுருங்கவில்லை, கசிந்தது. கசியும் வால்வுக்குப் பலூன் உதவாது, இன்னும் கெடுக்கும். இதய-நுரையீரல் இயந்திரத்தில் ரத்த ஓட்டத்தை ஒப்படைத்து, இதயத்தை நிறுத்தி, அறுந்த நாணுக்குப் பதில் செயற்கை இழை கட்டி, தளர்ந்த விளிம்பைச் சுற்றி வளையம் தைக்கிறார்கள். இதை ஒழுங்கான ஒரு கலையாக வளர்த்தவர் பிரெஞ்சு மருத்துவர் அலன் கார்பென்டியே. ‘ரிப்பேர்’ என்று மருத்துவர்கள் பேச்சில் சொல்வது பெரும்பாலும் இதைத்தான். எழுத்தில் இதுவும் வால்வுலோபிளாஸ்டி ஆகிவிடுகிறது. முன்னால் ‘பலூன்’ என்றோ ‘மைட்ரல்’, ‘பெருந்தமனி’ என்றோ இருக்கிறதா என்று பார்க்காமல் அந்தச் சொல்லை மட்டும் வைத்து எதையும் முடிவு செய்ய முடியாது. ஆஞ்சியோபிளாஸ்டியும் பைபாஸும் வேறு கிளை. பெரம்பூர் ரயில்வே மருத்துவமனையில் 1975-இல் கே.எம். செரியன் செய்த, இந்தியாவின் முதல் பைபாஸ், ரத்தக் குழாய்க்கானது, வால்வைத் தொடுவதல்ல.

சீரமைக்கவே முடியாதபோது வால்வை மாற்றுகிறார்கள். உலோக வால்வு வைத்தால் ரத்தம் உறையாமலிருக்க ஆயுள் முழுக்க மாத்திரை. மாதாமாதம் ரத்தப் பரிசோதனை. கருத்தரிக்கும் வயதுப் பெண்களுக்கு அந்த மாத்திரை கருவுக்கே கேடு செய்யக்கூடியது. முடிந்தவரை சொந்த வால்வைக் காப்பாற்றப் பார்ப்பது இதனால்தான்.

பலூனுக்குப் பிறகு ஊசி

பிரிந்த சந்தி மறுபடி ஒட்டலாம். பத்து, பதினைந்து ஆண்டு கழித்து இரண்டாவது பலூன் தேவைப்படுவோர் உண்டு. மதிப்பெண் ஏறியிருந்தால் அறுவைதான். ஒட்டுவதைத் துரிதப்படுத்துவது புதிய தொண்டைத் தொற்று. எனவே 21 நாளுக்கு ஒருமுறை 12 லட்சம் யூனிட் பென்சாத்தின் பென்சிலின் ஊசி தொடர வேண்டும். இடுப்பில் போடுவார்கள், கெட்டியான மருந்து, ஓரிரு நாள் வலிக்கும். மூச்சு சீரானதும் “இனி எதுக்கு ஊசி” என்று பலர் நிறுத்திவிடுகிறார்கள். ஊசி வால்வைச் சரிசெய்வதில்லை, அடுத்த தாக்குதலைத் தடுக்கிறது. வால்வு ஏற்கெனவே கடுமையாகக் கெட்டவர்களுக்கு இதைக் குறைந்தது 40 வயது வரையிலும், சிலருக்கு ஆயுள் முழுதும் தொடர்கிறார்கள்.